பொருள்: தலைகீழாக உறங்கும் இரு கிளிகள்

ஜூன் 3, திங்கள்

1. செங்கோட்டை மேலத்தெருவில் வசிக்கும், காலஞ்சென்ற சங்கரநாராயணன் அவர்களின் மகனும் அறுபத்திரண்டு வயதுடையவனுமாகிய வழக்கறிஞர் திருமலைக்கொழுந்து ஆகிய நான், சுயநினைவுடனும் பிறர் தூண்டுதல் இன்றியும் இந்த நாட்குறிப்பை இன்று தொடங்குகிறேன்.

2. கண்ணால் கண்டதைக் கண்டதாகவும், காதால் கேட்டதைக் கேட்டதாகவும், ஊகித்ததை ஊகம் என்றும் இதில் எழுதுவேன். அன்றன்று எழுதிய குறிப்புக்கு நீதிமன்றத்தில் இருக்கும் மதிப்பு, பின்னால் நினைவிலிருந்து சொல்வதற்கு இல்லை.

3. என் வீட்டுப் பின்சுவருக்கு அப்பால் குடியிருக்கும் ஐயம்பெருமாள் என்பவர், தம் வீட்டுக் கொல்லைத் தாழ்வாரத்தில் ஒரு கம்பிக் கூண்டைத் தொங்கவிட்டு இரண்டு சிறிய பச்சைக் கிளிகளை வளர்த்து வருகிறார். அவை சட்டம் பாதுகாக்கும் நாட்டுப் பறவைகள் என்று ஐயுறுகிறேன். ஐயத்தை மெய்ப்பிப்பதே இந்தக் குறிப்பின் நோக்கம்.

4. எனக்கும் மேற்படியாருக்கும் முன்விரோதம் உண்டா என்று குறுக்கு விசாரணையில் கேட்பார்கள். உண்டு. ஒன்பது ஆண்டுகளுக்கு முன், அரசு வழக்கறிஞர் பதவிக்கு என் பெயர் பரிந்துரையில் இருந்த வாரத்தில், மாவட்ட ஆட்சியருக்கு ஒரு மொட்டைப் பெட்டிசன் போயிற்று. கோயில் நில வழக்கொன்றில் நான் இரு தரப்பிடமும் கைநீட்டியதாக அதில் கண்டிருந்தது. விசாரணை இரண்டு ஆண்டு நடந்தது. குற்றச்சாட்டில் உண்மையில்லை என்ற முடிவு வந்தபோது அந்த நாற்காலியில் வேறொருவர் நன்றாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பெட்டிசன் போவதற்குச் சற்று முன்புதான், கட்டட உரிமையாளருக்காக நான் வாதாடி, ஐயம்பெருமாளின் உரக்கடையைக் காலி செய்ய வைத்திருந்தேன். எழுதியவர் யார் என்று இந்த ஊரில் அறியாதவர் இல்லை. கையெழுத்தில்லாத தாளை வைத்துக்கொண்டு நான் யாரைக் குறுக்கு விசாரணை செய்வது?

5. ஆகவே நான் எழுதப்போவது மொட்டைப் பெட்டிசன் அல்ல. பெயர், முகவரி, கையொப்பம், இரண்டு சாட்சிகளுடன் கூடிய முறையான மனு. அதன்பேரில் அவர் ஒரு நாள், ஒரே ஒரு நாள், நீதிமன்றத் தாழ்வாரத்தில் தம் பெயரைக் கூப்பிடும்வரை வெறுங்காலுடன் நிற்க வேண்டும். அதற்கு மேல் எனக்கு ஒன்றும் வேண்டாம்.

ஜூன் 5, புதன்

இடவிவரம். என் மச்சு அறையின் கிழக்குச் சன்னலிலிருந்து மேற்படி கூண்டு தடையின்றித் தெரிகிறது. முன்பு தெரியாது. எங்கள் கொல்லையில் பட்டுப்போன தென்னை ஒன்று தலையில்லாமல் நின்று மறைத்துக்கொண்டிருந்தது. அது தம் ஓட்டின்மேல் விழும் என்று ஐயம்பெருமாள் நகராட்சியில் வாய்மொழியாகப் புகார் செய்ய, பங்குனி மாதத்தில் அதை வெட்டச் சொன்னேன். வெட்டிய அன்று நான் நீதிமன்றத்தில் இருந்தேன்; என் மனைவி உலகம்மாள்தான் ஆட்களை மேற்பார்த்தாள். ஆக, அவர் கேட்டு வாங்கிய இடைவெளி வழியாகத்தான் அவரை நான் பார்க்கிறேன். இதில் எனக்கு ஒரு திருப்தி உண்டு என்பதை மறைக்கவில்லை.

ஆரியங்காவில் எப்போதோ வாங்கிய பைனாகுலரைத் துடைத்து எடுத்தேன். பறவைகள் சிட்டுக்குருவி அளவே இருக்கும். உடல் முழுதும் இலைப் பச்சை. வால் குட்டை. முதுகின் கீழ்ப்பகுதி சிவப்பு. அலகு மங்கிய செம்மஞ்சள்.

மச்சில் என்ன பார்க்கிறேன் என்று உலகம்மாள் கேட்டாள். மலையில் சாரல் இறங்குவதைப் பார்ப்பதாகச் சொன்னேன். மலை மேற்கே இருக்கிறது.

பிற: வீட்டுக்குக் கொய்யாப்பழம் வாங்கியிருக்கிறாள். எனக்குப் பல் இல்லை. அவளுக்குக் கொய்யா பிடிக்காது.

ஜூன் 11, செவ்வாய்

பால் வாங்கும் இடத்தில் மேற்படியாரே பேச்சுக் கொடுத்தார். சுற்றி நாலைந்து பேர் இருந்தார்கள்.

"என்ன வக்கீல் அண்ணாச்சி, இப்பல்லாம் மச்சிலயே குடியிருக்கிய போல?"

காற்று வாங்குவதாகச் சொன்னேன்.

"வாங்குங்க, வாங்குங்க. அப்படியே எங்க வீட்டு லவ் பேர்ட்ஸையும் பாத்துக்கிடுங்க. ஆப்பிரிக்கா சரக்கு. வளக்குததுக்குச் சட்டத்துல தடையில்லைன்னு கேட்டுக்கிட்டுத்தான் வச்சிருக்கேன்."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். சட்டத்தைப் பற்றி நான் ஒரு சொல்லும் கேட்கவில்லை. கேட்காத கேள்விக்குப் பதில் வந்திருக்கிறது. குறித்துக்கொண்டேன்.

ஜூன் 16, ஞாயிறு

பாளையங்கோட்டை சென்று, ஓய்வுபெற்ற விலங்கியல் பேராசிரியர் ஞானசிகாமணியைக் கண்டேன். அவருக்கு ஒரு பாகப்பிரிவினையில் நான் உதவியிருக்கிறேன். கைப்பேசியில் எடுத்த படங்களைக் காட்டினேன். மங்கலாக இருந்தன. கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

அவர் சொன்னதன் சாரம். குட்டைவால் சிறுகிளிகளில் நமக்கு வேண்டியவை இரண்டு பேரினங்கள். ஒன்று ஆப்பிரிக்காவைச் சேர்ந்தது. கடைகளில் விற்கும் லவ் பேர்ட்ஸ் அது. (இந்த ஊரில் அந்தப் பெயரில் பலரும் வளர்ப்பது ஆஸ்திரேலியப் பறவை என்பது வேறு கதை என்றார்.) மற்றொன்று நம்முடைய காடுகளிலிருந்து கிழக்கே தீவுகள்வரை பரவியது, லோரிகுலஸ் என்று பெயர். வௌவாலைப் போலத் தலைகீழாகத் தொங்கி உறங்குவது அதன் குணம். ஒரு காலத்தில் அலகையும் வாலையும் அளந்து இரண்டையும் எங்கெங்கோ வைத்தார்கள். பிறகு இரத்தத்தை ஆராய்ந்தபோது அவை நெருங்கிய உறவு என்று தெரிந்தது.

"நாங்க நூறு வருஷமா தூரத்து உறவுன்னு எழுதி வச்சிருந்தோம் சார். பாத்தா பக்கத்து வீடு."

தொங்கும் கிளி என்று மெய்ப்பித்தால் போதுமா என்று கேட்டேன். போதாது என்றார். அந்தப் பேரினத்திலேயே இலங்கைக்கு மட்டும் உரிய சிற்றினம் ஒன்று உண்டு. வளர்ந்த பறவைக்கு உச்சந்தலை சிவப்பு. குஞ்சில் அந்தச் சிவப்பு இருக்காது. நம் நாட்டுப் பறவையைப் போலவே பச்சையாக இருக்கும். படத்தில் இருப்பவை இளம்பறவைகள்.

"அப்போ என்ன செய்யணும்?"

"பொறுக்கணும். இறகு மாறட்டும். தலை சிவந்தா சிலோன். சிவக்காம, ஆணுக்குத் தொண்டையில நீலம் விழுந்தா நம்ம ஊரு."

அயல்நாட்டுப் பறவை என்றால் எதிர்த்தரப்புக்கு வாதாட இடம் கிடைக்கும். நம் ஊர்ப் பறவை என்றால் அவர் தப்ப வழியில்லை. ஒன்பது ஆண்டு பொறுத்தவனுக்கு ஓர் இறகு மாறும் காலம் பெரிதல்ல.

ஜூன் 27, வியாழன்

காலையில் ஒரு காட்சி. இரண்டில் ஒரு பறவை கூண்டின் தரையில் விரித்திருந்த செய்தித்தாளை அலகால் நீளவாக்கில் கிழித்து, அந்தக் கீற்றைத் தன் முதுகுச் சிவப்பு இறகுகளுக்குள் செருகிக்கொண்டது. பிறகு இன்னொன்று. கட்சிக்காரர் கொடுத்த தாள்களைக் கோட்டுப் பையில் செருகும் இளம் வக்கீல் போல இருந்தது. கூடு கட்டும் பொருளைத் தொங்கும் கிளி இறகுக்குள் செருகித்தான் கொண்டுபோகும் என்று படித்திருந்தேன். உடனே பேராசிரியருக்குத் தொலைபேசினேன்.

ஆப்பிரிக்கப் பறவைகளிலும் சில அப்படிச் செய்வதுண்டு, அதைச் சான்றாக வைத்தால் எதிர்வக்கீல் கிழித்துவிடுவார் என்றார். நன்றி சொல்லி வைத்துவிட்டேன்.

பிற: பறவை செருகிய கீற்றுகளில் ஒன்றில் சிவப்பு மையால் கோடிட்டிருந்தது. தீர்ப்புச் செய்திகளைச் சிவப்பு மையால் கோடிடுபவன் இந்தத் தெருவில் நான் ஒருவன். பழைய தாள் கடையிலிருந்து போயிருக்கும். வழக்குக்குத் தொடர்பில்லாதது.

ஜூலை 1, திங்கள்

இன்று முதல் புதிய குற்றவியல் சட்டங்கள் நடைமுறைக்கு வருகின்றன. முப்பத்தைந்து ஆண்டுகள் மனப்பாடமாக வைத்திருந்த பிரிவு எண்கள் எல்லாம் இன்று காலையோடு செல்லாக்காசு. வழக்கறிஞர் சங்கத்தில் மூத்தவர்கள் பள்ளிப் பிள்ளைகள் போல வாய்ப்பாடு ஒப்பித்துக்கொண்டிருந்தார்கள்.

மாலை விளக்கேற்றும் நேரம், சாரல் விட்டிருந்தது. இரண்டு பறவைகளும் கூண்டின் மேற்கம்பியை ஒற்றைக் காலால் பற்றி, தலை கீழாக, பழுத்த இலை போலத் தொங்கின. ஒன்று கண்ணை மூடியது. பிறகு மற்றது. தெளிவாக ஆறு படங்கள் எடுத்தேன்.

லோரிகுலஸ். ஆப்பிரிக்கா என்ற வாக்குமூலம் பொய். இன்று சாப்பாடு ருசித்தது. உலகம்மாளிடம் இன்னும் கொஞ்சம் ரசம் கேட்டேன். என்ன விசேஷம் என்றாள். புதிய சட்டம் என்றேன்.

ஜூலை 9, செவ்வாய்

வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டே உலகம்மாள் ஒரு சட்டக் கேள்வி கேட்டாள். முப்பத்து நான்கு ஆண்டு இல்லறத்தில் இது முதல் தடவை.

"கீழ விழுந்து கெடக்குத ஒரு குஞ்சை எடுத்து வளத்தா, அதுவும் தப்புல சேருமாங்க?"

எந்தக் குஞ்சு என்பதைப் பொறுத்தது என்றேன். காட்டுப் பறவை என்றால் அது அரசின் சொத்து. கையில் எடுத்தவர் நாற்பத்தெட்டு மணி நேரத்துக்குள் உரிய அதிகாரிக்குத் தெரிவிக்க வேண்டும். தவறினால் வைத்திருந்ததே குற்றம்.

"தெரியாம செஞ்சிருந்தா?"

"சட்டம் தெரியாது என்பது பதிலாகாது."

"செத்துப் போயிருமேன்னு பாவம் பாத்து எடுத்திருந்தா?"

"அதைத் தண்டனையின் அளவைத் தீர்மானிக்கும்போது நீதிபதி கருத்தில் கொள்ளலாம்."

வெண்டைக்காய் பொரியலில் உப்பு இரண்டு தடவை விழுந்திருந்தது. அவள் எதற்காகக் கேட்டாள் என்பது பற்றி நான் எதையும் ஊகிக்கவில்லை.

ஜூலை 20, சனி

ஐயம்பெருமாள் சுவருக்கு மேல் தலையை நீட்டி, கிளிகள் ஆப்பிரிக்கா இல்லையாம், சிலோன் சரக்காம், தூத்துக்குடியில் வாங்கும்போது விற்றவன் மாற்றிச் சொல்லிவிட்டானாம் என்றார். நான் கேட்காமலே சொன்னார். தலைகீழாகத் தொங்கும் பறவையை ஆப்பிரிக்கா என்றால் இனி யாரும் நம்பமாட்டார்கள் என்று அவருக்கும் யாரோ சொல்லியிருக்க வேண்டும். அவை தொங்குவதை நான் பார்த்துவிட்டதை அறியக்கூடியவர் இந்தப் பூமியில் இருவர்: பேராசிரியரும், என் மனைவியும்.

ஒரே பொருளைப் பற்றி முன்னுக்குப் பின் முரணான இரண்டு வாக்குமூலங்கள். எந்த நீதிபதிக்கும் இனிப்பாக இருக்கும்.

எனினும் சிலோன் என்பதை மறுக்க இறகு மாற வேண்டும்.

ஜூலை 24

தலை பச்சை.

ஜூலை 29

தலை பச்சை. பெரிய பறவை என்னைப் பார்த்து ஒரு சத்தம் கொடுத்தது. மூன்று கூரிய சொற்கள் போல. சன்னலை மூடவில்லை.

ஆகஸ்ட் 4, ஞாயிறு. ஆடி அமாவாசை

அப்பாவுக்குத் தர்ப்பணம் முடித்து வந்து சன்னலில் உட்கார்ந்தேன். காக்கைக்கு வைத்த சோறு போக இலையில் மீந்த வாழைப்பழத்தை உலகம்மாள் தட்டில் எடுத்துக்கொண்டு பின்கதவு வழியாகப் போனாள். ஐயம்பெருமாளின் மனைவி இறந்து நான்கு ஆண்டாகிறது. அமாவாசைச் சமையல் அங்கே கிடையாது என்பாள். அண்டை வீட்டுக்குக் கொடுப்பதை நான் ஒருபோதும் தடுத்ததில்லை. அவள் திரும்பி வரும்வரை சன்னலைச் சாத்தி வைத்திருந்தேன். வெயிலில் கண் கூசியது.

தலை பச்சை.

ஆகஸ்ட் 19, திங்கள்

பெரிய பறவையின் தொண்டையில் நீலம். கட்டைவிரல் ரேகை பதித்த அளவு. இரு பறவைகளின் உச்சந்தலையும் முழுப் பச்சை. படத்தைப் பார்த்துப் பேராசிரியர் எழுத்துமூலமான கருத்துத் தருவதாக ஒப்புக்கொண்டார். நம் மலைக்குரிய சிற்றினம். சட்டத்தின் அட்டவணைக்கு உட்பட்டது.

மனுவின் வரைவைத் தொடங்கினேன். "மேற்படி எதிர்மனுதாரர்" என்று அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதினேன். ஒன்பது ஆண்டுகளாக இந்தச் சொற்றொடர் என் கைக்குள் இருந்தது.

ஆகஸ்ட் 28, புதன்

சாட்சிகள் கிடைக்கவில்லை. பேராசிரியர் பறவையின் வகைக்குத்தான் கையெழுத்திடுவார். வைத்திருப்பதற்கு உள்ளூர்ச் சாட்சி வேண்டும். மருந்துக்கடைக்காரர் தமக்குக் கண்புரை என்கிறார். என் குமாஸ்தா, ஐயம்பெருமாள் தன் மாமனாருக்குச் சொந்தம் என்று இன்றுதான் கண்டுபிடித்திருக்கிறான்.

வேறு வழியின்றி உலகம்மாளிடம் வரைவைக் கொடுத்தேன். நின்றபடியே முழுவதையும் வாசித்தாள். மடித்து மேசையில் வைத்தாள்.

"நான் போட மாட்டேன்."

"உண்மைக்கு மாறாக ஒரு வரி இருந்தால் சொல்."

"எல்லாம் உண்மைதான். அதான் போட மாட்டேங்கேன்." பிறகு, கதவருகே நின்று, "இதைக் கொடுக்காதிய. உங்களுக்காகத்தான் சொல்லுதேன்" என்றாள்.

எனக்காக என்பதன் பொருளை விளக்கும்படி நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. நல்ல வழக்கறிஞன், விடை தெரியாத கேள்வியைச் சாட்சியிடம் கேட்கமாட்டான். விடை தெரிந்த கேள்வியையும் சில சமயம் கேட்கமாட்டான்.

செப்டம்பர் 2, திங்கள்

வனச்சரக அலுவலகத்தில் மனுவை அளித்து ஒப்புகை பெற்றேன். சாட்சிகளுக்கான இரண்டு வரிகளும் வெறுமையாகவே போயின. ஆனால் என் கையொப்பம் இருக்கிறது. முழுப் பெயருடன்.

செப்டம்பர் 6, வெள்ளி

நிகழ்ந்ததை நிகழ்ந்தபடி எழுதுகிறேன்.

வனச்சரகர் எஸ்தர் செல்வி, வனக்காப்பாளர் ஒருவருடன் காலையில் ஐயம்பெருமாள் வீட்டுக்கு வந்தார். முப்பது வயதிருக்கும், அமைதியான, குரலை உயர்த்தாத பெண். மனுதாரர் என்ற முறையில் பறவைகளை அடையாளம் காட்ட என்னை அழைத்தார்கள். மூன்று மாதம் பைனாகுலரில் பார்த்த கூண்டின் முன் முதன்முறையாக நின்றேன். எதிர்பார்த்ததைவிடச் சிறியவை.

ஐயம்பெருமாள் வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டு வந்தார். முகம் வெளுத்திருந்தது. அந்த முகத்தை நான் ஒன்பது ஆண்டு கற்பனை செய்திருக்கிறேன். நேரில் கற்பனையைவிட நன்றாகவே இருந்தது. இதையும் எழுதிவைக்கிறேன்.

எங்கிருந்து கிடைத்தன என்று வனச்சரகர் கேட்டார்.

"நான்தாம்மா புடிச்சேன். அடிவாரத்துல."

நான் திடுக்கிட்டேன். வைத்திருந்ததாக மட்டும் சொல்லியிருந்தால் ஒரு குற்றம். பிடித்ததாகச் சொன்னால் அது வேட்டை, அதைவிடக் கனத்தது. ஆப்பிரிக்கா, சிலோன், அடிவாரம். மூன்றாவது வாக்குமூலம், மூன்றிலும் அவருக்கே பாதகமானது. எதற்காக ஒருவர் இப்படிச் சொல்ல வேண்டும்?

அப்போது சுவரின் சிறுவாசல் திறந்தது. உலகம்மாள், தட்டில் நறுக்கிய கொய்யாவுடன், பச்சைச் சேலையில், அங்கே ஆட்கள் இருப்பது தெரியாமல் வந்து நின்றாள்.

இரண்டு கிளிகளும் கூண்டின் அந்தப் பக்கக் கம்பிக்குப் பாய்ந்தன. தலைகீழாகத் தொங்கி, கழுத்தை நீட்டி, ஒன்றை ஒன்று தள்ளி, நான் மச்சிலிருந்து ஒருபோதும் கேட்டிராத ஒரு குரலில், குழைந்து கூப்பிட்டன. அது பழக்கப்பட்ட கைக்குத் தரும் குரல் என்பதை அறிய விலங்கியல் தேவையில்லை.

வனச்சரகர் கூண்டைப் பார்த்தார், தட்டைப் பார்த்தார்.

"அம்மாவை இதுகளுக்கு நல்லாத் தெரியும் போல இருக்கே?"

ஐயம்பெருமாள்தான் பதில் சொன்னார். "பச்சைச் சேலை கட்டியிருக்காவல்லா. அம்மைக் கிளின்னு நெனச்சிட்டு."

வனச்சரகர் சிரிக்கவில்லை. கூண்டைக் கைப்பற்றி, மகஜர் எழுதி, திங்கட்கிழமை வாக்குமூலத்துக்கு வரச்சொல்லி அவருக்குச் சம்மன் கொடுத்துவிட்டுப் போனார். கூண்டு தொங்கிய கொக்கி நெடுநேரம் ஆடிக்கொண்டிருந்தது.

மாலை, வீட்டில்.

"பொந்தோட விழுந்துச்சு" என்றாள் உலகம்மாள். "நம்ம தென்னைதான். மரங்கொத்தி கொத்தின பொந்து. வெட்டினவனுவ பாக்காம சாச்சிட்டானுவ. மூணு குஞ்சு. ஒண்ணு அப்பமே செத்துட்டு. கண்ணு முழிக்காத குஞ்சுங்க."

என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன்.

"சொன்னா நீங்க மனு எழுதியிருப்பிய."

"அவரிடம் ஏன் கொண்டுபோனாய்? இந்த ஊரில் வேறு ஆளே இல்லையா?"

"அவரு சத்தத்தைக் கேட்டு அந்தப் பக்கத்துல இருந்து வந்தாரு. மரத்தை வெட்டச் சொன்னதே நான்தானேம்மான்னு தலையில கை வச்சுக்கிட்டு நின்னாரு. நம்ம வீட்ல ஒரு சின்னச் சத்தம் கேட்டாலும் நீங்க கேஸ் கட்டை மூடிட்டு எந்திரிச்சிருவிய. அதான் அங்க வச்சு, நான் போயிப் போயி ஊட்டினேன். கடைசிவரை என் பேரைச் சொல்ல மாட்டேன்னாரு. நான் கேக்கல. அவராத்தான் சொன்னாரு."

முப்பத்து நான்கு ஆண்டு. எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. இதை ஏன் இங்கே எழுதுகிறேன் என்று தெரியவில்லை. வழக்குக்குத் தொடர்பில்லாதது.

செப்டம்பர் 7, சனி. விநாயக சதுர்த்தி

கொழுக்கட்டை செய்யவில்லை. கேட்கவில்லை.

செப்டம்பர் 8, ஞாயிறு

சட்டநிலையை ஆராய்ந்தேன். ஐயம்பெருமாள் தாமே பிடித்ததாக ஒப்புக்கொண்டுவிட்டார். நான் வாய் திறக்காவிட்டால், அவர் தாழ்வாரத்தில் நிற்பார், பெயர் கூப்பிடுவார்கள், நான் கேட்டதற்கு மேலேயே கிடைக்கும். உலகம்மாளின் பெயர் எந்தத் தாளிலும் வராது.

ஆனால் அது அவர் தரும் கொடையாகிவிடும். இனி வாழ்நாள் முழுதும் பால் வாங்கும் இடத்தில் அவர் என்னைப் பார்த்துச் சும்மா தலையசைப்பார். நானும் அசைக்க வேண்டும். என் பெயரைக் கையெழுத்தில்லாமல் அழித்தவர், என் மனைவியின் பெயரைக் கையெழுத்திட்டுக் காப்பாற்றினார் என்ற நிலையில் நான் இந்த ஊரில் இருக்கமாட்டேன். அவருக்கு அந்த வெற்றியைத் தரமாட்டேன். இதுவே காரணம். வேறு காரணம் எதையும் யாரும் இதில் தேட வேண்டாம்.

செப்டம்பர் 9, திங்கள்

காலை சிறுவாசல் வழியாக ஐயம்பெருமாள் வீட்டுக்குப் போனேன். சட்டையை மாட்டிக்கொண்டு வனச்சரக அலுவலகத்துக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார்.

"நான் உம்மகிட்ட கேட்டனா வே? நீரு எதுக்குப் புடிச்சேன்னு சொன்னீரு?"

அவர் பொத்தானைப் போட்டு முடித்தார்.

"அண்ணாச்சி, ஒளிக்காம சொல்லுதேன். நீங்க மூணு மாசமா மச்சில நின்னிய. மழையிலயும் நின்னிய. எல்லாம் பாத்துக்கிட்டுத்தான் இருந்தேன். நல்லா எழுதட்டும், எழுதி முடிச்சு அந்தக் காயிதம் சுத்திக்கிட்டுப் போயி இவரு வீட்டு வாசல்லயே நிக்கட்டும், அதை ஒரு நாள் கண்ணால பாக்கணும்னு இருந்தேன். கடையைக் காலி பண்ணின அன்னைக்கு நீங்க கோர்ட்டு வாசல்ல நின்னு காப்பி குடிச்சிய. அதை நான் மறக்கல."

"பிறகு என்ன?"

"ஆபீசரம்மா கேக்கயில, அம்மா தெனமும் தட்டோட வந்து நிக்குதது கண்ணுல வந்துட்டு. அவிய பேரு வாயில வரல."

இருவரும் வெறும் கொக்கியைப் பார்த்துக்கொண்டு நின்றோம். அவருக்கும் ஒரு நாட்குறிப்பு இருந்திருக்கிறது, எழுதவில்லை, அவ்வளவுதான்.

நான் தயாரித்திருந்த வாக்குமூலத்தை நீட்டினேன். சாட்சி வரியில் அவர் கையெழுத்திட வேண்டும் என்றேன். எதிரியாகச் சேர்க்கப்பட்டவர் சாட்சியாகக் கையெழுத்திடுவதற்குச் சட்டத்தில் மதிப்பு ஏதும் இல்லை என்பது எனக்குத் தெரியும். பிறகு வனச்சரகரும் அதையே சொன்னார். இருக்கட்டும் என்றேன்.

அவர் வாசித்தார். முடித்து, பேனாவைத் திறந்து, தாளின் மேல் வைத்தபடி நிமிர்ந்தார்.

"இதுக்கு மட்டுமா அண்ணாச்சி, இல்ல அதுக்குஞ் சேத்தா?"

ஒன்பது ஆண்டுகளாக நான் கேட்க முடியாத கேள்விக்கு விடை, கேள்வியாகவே வந்தது.

"சேத்தே போடும்" என்றேன்.

போட்டார். உலகம்மாள் முற்றத்தில் நின்றிருந்தாள். நான் கூப்பிடாமலே வந்து, அடுத்த வரியில் தன் பெயரை எழுதினாள். மனுவில் போட மறுத்த அதே கை.

இந்த நாட்குறிப்பைச் சான்றாகத் தாக்கல் செய்யும் எண்ணத்தை இத்துடன் கைவிடுகிறேன். வனச்சரகரிடம் கொடுத்த வாக்குமூலத்தின் நகல் கீழே.

1. திருமலைக்கொழுந்து ஆகிய நான், செப்டம்பர் 2ஆம் தேதி நான் அளித்த மனுவில் பறவைகளின் பேரினம், சிற்றினம் பற்றிக் கூறியவை சரி என்றும், அவை வந்த இடம் பற்றி ஒன்றும் கூறாதது என் தவறு என்றும் தெரிவித்துக்கொள்கிறேன்.

2. மேற்படி பறவைகள் அடிவாரத்தில் பிடிக்கப்பட்டவை அல்ல. என் கொல்லையில், என் தென்னையில், என் உத்தரவின்பேரில் அழிக்கப்பட்ட கூட்டில் பிறந்தவை. வெட்டுமுன் பொந்தைப் பார்க்கச் சொல்லவேண்டிய கடமை எனக்கு இருந்தது. ஐயம்பெருமாள் அவற்றைப் பிடிக்கவில்லை. என் வீட்டிலிருந்து சென்றவற்றுக்கு இடம் கொடுத்தார். இதன் பொறுப்பு முழுதும் என்னுடையது.

3. என் வீட்டில் யார் எதைக் கையில் எடுத்தார் என்ற கேள்விக்கு விடையளிக்க மறுக்கிறேன். கணவன் மனைவிக்கிடையே பேசியதை வெளியிடும்படி என்னை வற்புறுத்த முடியாது. புதிய சட்டத்தில் பிரிவின் எண் மாறியிருக்கிறது; பாதுகாப்பு மாறவில்லை.

4. நீதிமன்றம் அழைக்கும் நாளில் தாழ்வாரத்தில் நிற்கச் சித்தமாக இருக்கிறேன்.

5. பறவைகளை மலையில் விடுவிக்கும்வரை அவற்றின் கூண்டில் மேற்கம்பி வழுவழுப்பாக இல்லாதபடி பார்த்துக்கொள்ள வேண்டுகிறேன். அவை அதில்தான் உறங்கும்.

(கையொப்பம்) ச. திருமலைக்கொழுந்து
செங்கோட்டை

சாட்சிகள்:
1. (கையொப்பம்) மு. ஐயம்பெருமாள்
2. (கையொப்பம்) தி. உலகம்மாள்